விக்டர் பெம்பர்டன்: காதால் எழுதிய தொலைக்காட்சி எழுத்தாளர்

பிபிசியின் அறிவியல் புனைவுத் தொலைக்காட்சித் தொடரான 'டாக்டர் ஹூ'வில், டாக்டர் என்று அழைக்கப்படும் காலப்பயணியான நாயகன் சட்டைப்பையிலேயே வைத்திருக்கும் சோனிக் ஸ்க்ரூடிரைவரை, அதாவது ஒலியால் இயங்கும் திருப்புளியை, உருவாக்கியவர் விக்டர் பெம்பர்டன் என்று சொல்லப்படுவது சரியா, அவர் எழுத்தாளரா நடிகரா, அந்த ஒரு கருவியைத் தவிர அவர் பெயரைச் சொல்ல வேறு ஏதேனும் உண்டா என்பதுதான் கேள்வி. முதல் பகுதிக்குச் சுருக்கமான விடை: ஆம், அக்கருவி முதன்முதலில் தோன்றுவது 1968ஆம் ஆண்டு மார்ச் 16 அன்று ஒளிபரப்பான, பெம்பர்டன் எழுதிய 'ஃப்யூரி ஃப்ரம் தி டீப்' கதையின் முதல் பகுதியில்தான். இரண்டாவதற்கும் விடை எளிது: அவர் முதன்மையாக எழுத்தாளர், எப்போதாவது சிறு வேடம் ஏற்றவர். மூன்றாவது கேள்விதான் விரிவாகப் பேச வேண்டியது. ஏனென்றால் பெம்பர்டனைப் பற்றி எழுதுபவர்களில் பெரும்பாலோர் அந்தக் கருவியோடு நிறுத்திவிடுகிறார்கள். அவருடைய முழுப் பணியையும் வரிசையாகப் பார்த்தால், அந்தக் கருவி ஏன் ஒலியால் இயங்குகிறது என்பதுகூடத் தற்செயலாகத் தோன்றாது.

அவர் 1931ஆம் ஆண்டு அக்டோபரில் லண்டனின் இஸ்லிங்டன் பகுதியில் பிறந்தார். உழைக்கும் குடும்பம், போர்க்காலத்தில் கழிந்த சிறுவயது. இந்த இரண்டும் பிற்காலத்தில் அவருடைய நாவல்களுக்குக் கருப்பொருளாயின. தொலைக்காட்சிக்கு வருவதற்கு முன்பே வானொலி நாடகங்கள் எழுதினார். அக்காலப் பிரிட்டனில் புதிய நாடக எழுத்தாளர் ஒருவர் தொழில் பழகுவதற்கு பிபிசி வானொலியைவிடப் பெரிய பட்டறை கிடையாது. அங்கே காட்சியமைப்பு, ஒப்பனை, செலவு என்ற தடைகள் இல்லை; ஆனால் கேட்பவர் மனத்தில் ஓர் இடத்தையும் ஒரு அச்சத்தையும் வெறும் குரலாலும் ஓசையாலும் எழுப்பத் தெரிந்திருக்க வேண்டும். பெம்பர்டனின் திறமை அங்கே உருவானது. தொலைக்காட்சிக்கு வந்த பிறகும் அவர் வானொலிக்காரராகவே சிந்தித்தார் என்பது என் கணிப்பு.

இதற்கு முதல் சான்று 1966ஆம் ஆண்டில் பிபிசி லைட் புரோகிராமில் ஏழு பகுதிகளாக ஒலிபரப்பான 'தி ஸ்லைட்'. இங்கிலாந்தின் ஒரு சிறு நகரில் நிலம் பிளக்கிறது. பிளவிலிருந்து உயிருள்ள சேறு பொங்கி வருகிறது. அது நகர்கிறது, மனிதர்களின் மனத்தையும் ஆட்கொள்கிறது. இந்தக் கதையை அவர் முதலில் 'டாக்டர் ஹூ' அலுவலகத்துக்குத்தான் கொடுத்திருந்தார். அங்கே அது ஏற்கப்படவில்லை. வானொலிக்குப் போனதே அதற்கு நல்லதாயிற்று என்பேன். நகரும் சேற்றை 1960களின் தொலைக்காட்சி அரங்கில் காட்டியிருந்தால் சிரிப்புதான் வந்திருக்கும். வானொலியில் அது பயமுறுத்தியது. மாரிஸ் டென்ஹமும் ரோஜர் டெல்காடோவும் முக்கியப் பாத்திரங்களில் நடித்தார்கள். டெல்காடோதான் 1971 முதல் 'டாக்டர் ஹூ'வில் மாஸ்டர் என்னும் வில்லனாகப் புகழ்பெற்றவர். நாடகத்தைத் தயாரித்தவர் பீட்டர் பிரையன்ட். இந்தப் பெயரைக் கவனித்துக்கொள்ள வேண்டும், ஏனெனில் பெம்பர்டனைத் தொலைக்காட்சித் தொடருக்குள் கொண்டுவந்த கதவு அதுதான்: பிரையன்ட் சிறிது காலத்தில் 'டாக்டர் ஹூ' தொடரின் கதை ஆசிரியராகவும், பின்னர் அதன் தயாரிப்பாளராகவும் ஆனார்.

'தி ஸ்லைட்' நாடகத்தில் நடித்த இன்னொருவர் டேவிட் ஸ்பென்சர். கொழும்பில் 1934இல் பிறந்து, சிறுவயதிலேயே இங்கிலாந்தில் நடிகரானவர். பின்னாளில் வானொலி நாடகங்களையும் ஆவணப்படங்களையும் இயக்கினார். 1967இல் 'டாக்டர் ஹூ'வின் 'தி அபாமினபிள் ஸ்னோமென்' கதையில் தொன்மி என்ற இளந்துறவியாக வந்தவரும் அவரே. அவர்தான் பெம்பர்டனின் நெடுங்கால வாழ்க்கைத் துணை. வாழ்க்கைச் செய்தி என்பதற்காக மட்டும் இதைச் சொல்லவில்லை. பெம்பர்டனின் பிற்காலப் பணியில் ஸ்பென்சருக்குப் பெரும் பங்கு உண்டு.

இனி நடிப்பைப் பற்றி. 1967ஆம் ஆண்டு பிப்ரவரி, மார்ச் மாதங்களில் வந்த 'தி மூன்பேஸ்' கதையில், நிலவிலிருந்து பூமியின் வானிலையைக் கட்டுப்படுத்தும் நிலையத்தின் பணியாளர்களில் ஒருவராக, ஜூல்ஸ் என்ற வேடத்தில் பெம்பர்டன் தோன்றினார். பின்னணியில் நின்று வேலை செய்யும் வேடம். நினைவில் நிற்கும் வசனம் எதுவும் அவருக்கு இல்லை. இதை வைத்து அவரை நடிகர் என்று அழைப்பது மிகை. ஆனால் ஒரே தொடரில் நடித்தும் எழுதியும் இருப்பவர்கள் அன்று மிகச் சிலரே என்பதால் ரசிகர்கள் இந்தச் செய்தியை விடுவதில்லை. அந்தச் சிலரில், 1965இல் 'தி ஸ்பேஸ் மியூசியம்' எழுதிய தென்னாப்பிரிக்கரான கிளின் ஜோன்ஸ் பத்தாண்டு கழித்து 'தி சோன்டாரன் எக்ஸ்பெரிமென்ட்' கதையில் நடித்தார். டெரிக் ஷெர்வின் 1970இல் தாமே தயாரித்த 'ஸ்பியர்ஹெட் ஃப்ரம் ஸ்பேஸ்' கதையில் வாயிற்காவலராகச் சில நொடிகள் வந்து போனார். முதலில் நடித்துவிட்டுப் பிறகு எழுதியவர் என்ற வகையில் இவ்விருவரிலிருந்தும் பெம்பர்டன் மாறுபடுகிறார்.

நடித்த அதே ஆண்டில் அவர் தொடரின் கதைப் பிரிவில் பிரையன்டுக்கு உதவியாளராகச் சேர்ந்தார். கதை ஆசிரியர் என்பவர் அந்தக் காலத்தில் வெறும் பிழை திருத்துபவர் அல்லர்; வெளியிலிருந்து வரும் எழுத்தாளரிடம் கதை கேட்பது, பகுதி பகுதியாக நேரத்துக்குள் அடக்குவது, அரங்கில் எடுக்க முடியாததை எடுக்க முடிந்ததாக மாற்றுவது, தேவையென்றால் காட்சிகளைத் தாமே எழுதுவது எல்லாம் அவர் பொறுப்பு. 'தி டூம் ஆஃப் தி சைபர்மென்' கதையைப் பிரையன்ட் தயாரிக்க, கதை ஆசிரியர் என்ற இடத்தில் பெம்பர்டன் பெயர் வந்தது. 1967 செப்டம்பரில் ஒளிபரப்பான அந்த நான்கு பகுதிகளும் பல்லாண்டுகள் தொலைந்தே போயிருந்தன; ஹாங்காங்கிலிருந்த ஒரு தொலைக்காட்சி நிலையத்தில் படச்சுருள்கள் கண்டெடுக்கப்பட்டு 1992இல் மீண்டும் வெளிவந்தன. இன்று அத்தொடரின் சிறந்த கதைகளுள் ஒன்றாக அது மதிக்கப்படுகிறது. ஆனால் ஆசிரியர் நாற்காலி பெம்பர்டனுக்குப் பிடிக்கவில்லை. பிறர் கதையைச் சீர்செய்வதைவிடச் சொந்தமாக எழுதவே விரும்பிய அவர், அந்தப் பொறுப்பை விட்டு விலகினார்.

விலகியவர் எழுதிக் கொடுத்ததுதான் 'ஃப்யூரி ஃப்ரம் தி டீப்'. ஆறு பகுதிகள், இயக்கம் ஹியூ டேவிட். 'தி ஸ்லைட்' கதையின் எலும்புக்கூடு இதற்குள் இருப்பது வெளிப்படை: நிலத்துக்கடியிலிருந்து வந்த சேற்றுக்குப் பதிலாகக் கடலுக்கடியிலிருந்து வரும் பாசி, அதுவும் மனிதர்களை ஆட்கொள்கிறது. ஆனால் அவர் அதை வைத்த இடம் புத்திசாலித்தனமானது. வட கடலில் 1965இல் எரிவாயு கண்டுபிடிக்கப்பட்டு, 1967இல் அது குழாய் வழியே இங்கிலாந்துக் கரையை எட்டியிருந்தது. வீடு வீடாக அடுப்புகளைப் புதிய வாயுவுக்கு மாற்றும் நாடு தழுவிய வேலை அப்போதுதான் தொடங்கியிருந்தது. அந்த நேரத்தில், கடலடிக் குழாய்களுக்குள் ஏதோ ஓர் உயிர் இருக்கிறது, அது குழாய் வழியே வீட்டுக்குள் வருகிறது என்று ஒருவர் கதை சொன்னால் எந்தப் பார்வையாளருக்கும் அடுப்பின் பக்கம் கண் போகத்தான் செய்யும்.

இக்கதையில் பயம் பெரும்பாலும் காதின் வழியே வருகிறது என்பதைக் கவனியுங்கள். எரிவாயு ஆலையின் குழாய்க்குள்ளிருந்து இதயத் துடிப்புப் போன்ற ஓசை கேட்கிறது. நெடுநேரம் வரை கேட்க மட்டுமே செய்கிறது. அந்த ஓசையை உண்மையென்று நம்ப மறுக்கும் தலைமை அதிகாரி ராப்சன், நம்பும் இளைய பொறியாளர் ஹாரிஸ் ஆகியோரின் மோதல்தான் முதல் பாதியின் நாடகம். பாசியால் தீண்டப்பட்ட ஹாரிஸின் மனைவி ஒரு சொல்லும் இல்லாமல் கடற்கரையில் நடந்து, நீருக்குள் இறங்கி மறைவதோடு மூன்றாம் பகுதி முடிகிறது. ஓக், குவில் என்று இரண்டு பழுதுபார்ப்போர் வருகிறார்கள். ஒருவர் பேசுகிறார், மற்றவர் பேசுவதே இல்லை. வாயைத் திறந்து அவர்கள் நச்சுவாயுவை ஊதும் காட்சி அத்தொடரின் கறுப்பு வெள்ளைக் காலத்தின் மிகக் கொடிய காட்சி என்று பலர் சொல்வதில் மிகையில்லை. கடைசியில் பாசியைக் கொல்வதும் ஓர் ஒலிதான்: டாக்டருடன் பயணம் செய்யும் விக்டோரியாவின் அலறல். பேயைக் கண்டால் அலறுவது மட்டுமே பெண் துணைப்பாத்திரத்தின் வேலை என்று அக்காலத் தொடர்களைக் கேலி செய்வார்கள். அந்தக் கேலியையே ஆயுதமாக்கி, அலறலைப் பதிவுசெய்து பெருக்கிக் குழாய்க்குள் செலுத்த வைத்தார் பெம்பர்டன். விக்டோரியாவாக நடித்த டெபோரா வாட்லிங் தொடரை விட்டுப் போகும் கதையும் இதுவே. பயந்து பயந்து வாழ்வது போதும் என்று அவள் ஹாரிஸ் தம்பதியுடன் தங்கிவிடுகிறாள். இந்தக் கதையில் யாரும் சாவதில்லை என்பதும் அத்தொடரில் அரிதான ஒன்று.

அந்த நீண்ட கதையில் சோனிக் ஸ்க்ரூடிரைவருக்குக் கிடைப்பது ஒரே ஒரு சிறு தருணம். கடற்கரையில் ஓடும் எரிவாயுக் குழாயின் மேலிருக்கும் பெட்டியைத் திறக்க, அப்போது டாக்டராக நடித்த பேட்ரிக் ட்ரௌட்டன் ஒரு சிறு குழல் போன்ற பொருளை எடுத்துத் திருகாணியின் மேல் பிடிக்கிறார். திருகாணி தானே சுழன்று வெளிவருகிறது. எல்லாம் ஒலி அலைகளின் வேலை என்கிறார். அவ்வளவுதான். திருகாணி கழற்றுவதைத் தவிர அது வேறெதுவும் செய்யவில்லை. கதவைத் திறப்பது, வெடிக்க வைப்பது, நோய் கண்டறிவது என்று அதன் ஆற்றல்கள் பெருகியது பின்னால் வந்த எழுத்தாளர்களின் வேலை. அது எல்லாச் சிக்கலுக்கும் எளிய தீர்வாகிவிட்டது என்பதால் 1982இல் 'தி விசிட்டேஷன்' கதையில் அதை அழித்தேவிட்டார்கள். 1996 தொலைக்காட்சிப் படத்தில் அது திரும்பியது; 2005 முதல் பொம்மைக் கடைகளிலும் இடம்பிடித்தது. இன்றைய பகுதிகளில் டாலெக்குகள் என்னும் அரக்கர்கள் வந்தால் அவற்றை உருவாக்கிய டெர்ரி நேஷனின் பெயர் எழுத்துப் பட்டியலில் வருகிறது; இந்தக் கருவி வாரந்தோறும் வந்தாலும் பெம்பர்டனின் பெயர் வருவதில்லை. அரக்கனைப் படைத்தவருக்குக் கிடைக்கும் அடையாளம், பையில் வைக்கும் ஒரு பொருளை எழுதியவருக்குக் கிடைப்பதில்லை.

அவர் புகழ் பரவாததற்கு அதைவிடப் பெரிய காரணம் ஒன்று உண்டு. 'ஃப்யூரி ஃப்ரம் தி டீப்' கதையின் ஆறு பகுதிகளில் ஒன்றுகூட இன்று முழுமையாக இல்லை. வீடியோ நாடா விலை மிக்கதாக இருந்ததாலும், நடிகர் சங்க ஒப்பந்தங்கள் மறுஒளிபரப்பைக் கட்டுப்படுத்தியதாலும், வீட்டில் பார்ப்பதற்கான பிரதிகளை விற்கும் சந்தை அப்போது இல்லாததாலும், பிபிசி நாடாக்களை அழித்து மீண்டும் பயன்படுத்தியது. வெளிநாட்டு விற்பனைக்காக எடுத்த படச்சுருள் பிரதிகளையும் பிற்பாடு கழித்துக்கட்டியது. இவ்வாறு அத்தொடரின் 1960களின் பகுதிகளில் தொண்ணூறுக்கும் மேற்பட்டவை தொலைந்தன. பெம்பர்டன் கதையிலிருந்து மிஞ்சிய காட்சித் துணுக்குகளில் முக்கியமானவை ஆஸ்திரேலியத் தணிக்கையாளர்களால் பிழைத்தவை: குழந்தைகளுக்கு ஆகாதவை என்று அவர்கள் வெட்டி எடுத்து வைத்திருந்த துண்டுகள் 1990களில் அந்நாட்டின் ஆவணக் காப்பகத்தில் கிடைத்தன. ஓக்கும் குவிலும் நச்சு ஊதும் காட்சி அப்படித்தான் நமக்கு மிஞ்சியது. அவர் சிறு வேடத்தில் நின்ற 'தி மூன்பேஸ்' கதையின் நான்கில் இரண்டு பகுதிகள் இருக்கின்றன. அவர் எழுதிய கதையின் ஆறில் ஆறும் இல்லை.

ஆனால் ஒலி மிஞ்சியது. ஒளிபரப்பின்போது ரசிகர்கள் வீட்டில் நாடாப் பதிவுக் கருவியில் பிடித்து வைத்த ஒலி முழுமையாக உள்ளது. அதை 2004இல், அக்கதையில் டாக்டரின் துணைவனாக நடித்த ஃப்ரேசர் ஹைன்ஸின் விளக்கக் குரலுடன் பிபிசி குறுந்தகடாக வெளியிட்டது. 2020இல் அந்த ஒலிக்கு அசைவூட்டப் படம் சேர்த்து வெளியிட்டார்கள். தொலைந்த கதைகள் பலவற்றை ஒலியாக மட்டும் கேட்டிருக்கிறேன். பலவற்றில் நீண்ட மௌனமும் காலடி ஓசையுமாக என்ன நடக்கிறதென்றே புரியாது. இது அப்படியில்லை. பிரையன் ஹாட்ஜ்சனின் ஒலியமைப்பும் டட்லி சிம்ப்சனின் இசையும் துணைநிற்க, படமே இல்லாமலும் இக்கதை பயமுறுத்துகிறது. எழுதியவர் வானொலியிலிருந்து வந்தவர் என்பதன் பலன் அது. போகிற போக்கில் ஒரு செய்தி: கடலுக்குள் இருக்கும் எரிவாயு நிலையமாகக் காட்டப்பட்டது தேம்ஸ் முகத்துவாரத்திலுள்ள ரெட் சாண்ட்ஸ் என்னும் போர்க்காலக் கடற்கோட்டை. 1967 வரை அங்கிருந்துதான் ரேடியோ 390 என்ற உரிமமற்ற வானொலி இயங்கியது.

குறையும் சொல்ல வேண்டும். ஆறு பகுதிகளுக்கு இக்கதை நீளம். நடுவில் ராப்சன் கத்துவதும் மற்றவர்கள் மன்றாடுவதும் திரும்பத் திரும்ப வருகின்றன. தமக்கு ஒருமுறை பலித்ததை விட்டுவிட மனமில்லாதவர் பெம்பர்டன். 1976இல் அன்றைய டாக்டரான டாம் பேக்கரும் அவருடைய துணையாக நடித்த எலிசபெத் ஸ்லேடனும் குரல் கொடுக்க, ஆர்கோ நிறுவனம் இசைத்தட்டாக வெளியிட்ட 'டாக்டர் ஹூ அண்ட் தி பெஸ்கட்டான்ஸ்' நாடகத்திலும் நீரிலிருந்து கரையேறும் உயிரினங்களே பகைவர்கள். பழைய கதையின் சாயல்கள் அதில் நிறையவே தெரிகின்றன. இரண்டையும் பின்னர் அவரே டார்கெட் பதிப்பகத்துக்கு நூலாக்கினார். 1986இல் வந்த 'ஃப்யூரி ஃப்ரம் தி டீப்' நூல் அந்த வரிசையின் வழக்கமான அளவைவிடப் பெரியது. படம் இல்லாத காலத்தில் பலர் அந்தக் கதையை அறிந்தது அதன் வழியாகத்தான்.

1970களில் அவருக்குச் சோறு போட்டது ஐடிவி என்ற தனியார் ஒளிபரப்பு வலையமைப்பைச் சேர்ந்த நிறுவனங்களின் சிறுவர் தொடர்கள். ஏடிவியின் 'டைம்ஸ்லிப்' தொடரில் முதல் மூன்று கதைகளையும் புரூஸ் ஸ்டூவர்ட் எழுத, மனித நகலாக்கத்தைப் பேசும் கடைசிக் கதையான 'தி டே ஆஃப் தி குளோன்' பெம்பர்டனுடையது. பிறர் கட்டிய முடிச்சுகளையெல்லாம் அவிழ்க்க வேண்டிய இடத்தில் ஒருவரை அழைப்பது அவருடைய தொழில்திறன்மேல் வைத்த நம்பிக்கை. அதே நிறுவனத்துக்கு 1972இல் 'டைட்ரோப்' என்ற உளவுத் தொடரைத் தாமே உருவாக்கினார்; 'டைம்ஸ்லிப்' தொடரில் நடித்த ஸ்பென்சர் பேங்க்ஸ்தான் அதிலும் முன்னணியில் இருந்தார். மந்திரவித்தைக்காரனை நாயகனாகக் கொண்ட தேம்ஸ் நிறுவனத்தின் 'ஏஸ் ஆஃப் வாண்ட்ஸ்' தொடரில் 'சிஸ்டர்ஸ் டெட்லி', 'தி பவர் ஆஃப் அடெப்' ஆகிய கதைகளை எழுதினார். அத்தொடரின் முதல் இரண்டு பருவங்கள் தொலைந்துவிட, அவர் பங்களித்த மூன்றாம் பருவம் மட்டும் தப்பியது. இந்த ஒரு முறை அதிர்ஷ்டம் அவர் பக்கம் இருந்தது. லண்டன் வீக்கெண்டின் 'தி அட்வென்ச்சர்ஸ் ஆஃப் பிளாக் பியூட்டி' தொடருக்கும் சில பகுதிகள் எழுதினார்.

1980களில் ஜிம் ஹென்சனின் 'ஃப்ராகிள் ராக்' பொம்மைத் தொடரின் பிரிட்டிஷ் வடிவத்தில் தயாரிப்பாளராகப் பணியாற்றினார். அத்தொடரின் பொம்மைப் பகுதிகள் எல்லா நாட்டுக்கும் பொது. மனிதர் வரும் காட்சிகளை ஒவ்வொரு நாடும் தனக்கேற்பப் படமாக்கிக்கொள்ளலாம். வட அமெரிக்காவில் ஒரு கண்டுபிடிப்பாளரின் பட்டறையாக இருந்த இடம், பிரிட்டனில் ஒரு கலங்கரை விளக்கமாயிற்று. முதலில் ஃபுல்டன் மெக்கே அதன் காவலராக நடித்தார்.

பெம்பர்டனுக்குக் கிடைத்த மிகப் பெரிய விருது இவை எதற்கும் கிடைத்ததல்ல. கிவென் ஃப்ராங்கன்-டேவிஸ் என்ற முதுபெரும் மேடை நடிகையைப் பற்றி டேவிட் ஸ்பென்சருடன் இணைந்து உருவாக்கிய 'கிவென்: எ ஜூலியட் ரிமெம்பர்ட்' என்ற ஆவணப்படத்துக்குச் சர்வதேச எம்மி விருது கிடைத்தது. 1924இல் ஜான் கீல்குட் ரோமியோவாக நடித்தபோது ஜூலியட்டாக நடித்தவர் அவர். படம் எடுக்கப்பட்டபோது தொண்ணூறைக் கடந்திருந்தார். ஒரு முதிய நடிகையைப் பேசவிட்டு, அவர் குரலைக் கேட்பதையே படமாக்கும் பொறுமையை, காதை நம்பிப் பழகிய இருவரிடம் எதிர்பார்க்கலாம்.

கடைசிக் கட்டம் நாவல்கள். தம் பெற்றோரையும் இஸ்லிங்டன் வாழ்க்கையையும் வைத்து வானொலிக்கு எழுதிய நாடகங்களிலிருந்து 1990இல் 'அவர் ஃபேமிலி' நாவல் பிறந்தது. அதைத் தொடர்ந்து 'அவர் ஸ்ட்ரீட்', 'அவர் ரோஸ்', 'நெல்லிஸ் வார்' என்று போர்க்கால வட லண்டனைக் களமாகக் கொண்ட குடும்பக் கதைகள் வரிசையாக வந்தன. அறிவியல் புனைவு ரசிகர்கள் இவற்றைத் தொடுவதில்லை. நூலகத்தில் இவற்றை விரும்பிப் படித்த வாசகர்களுக்கோ சோனிக் ஸ்க்ரூடிரைவர் பற்றித் தெரிந்திருக்க வாய்ப்பு குறைவு. இரு கூட்டத்தாரும் ஒரே எழுத்தாளரைத்தான் வாசித்தார்கள். பிற்காலத்தில் ஸ்பெயினில் குடியேறிய அவர், ஸ்பென்சர் 2013இல் மறைந்த நான்கு ஆண்டுகளுக்குப் பின், 2017 ஆகஸ்டில் தம் 85ஆம் வயதில் காலமானார்.

எங்கிருந்து தொடங்குவது என்று கேட்டால், 'ஃப்யூரி ஃப்ரம் தி டீப்' கதையின் 2004 ஒலிப்பதிப்பையே சொல்வேன், அசைவூட்டப் படத்தை அதற்குப் பிறகு வைத்துக்கொள்ளலாம். அதன் பின் 'தி ஸ்லைட்' கேட்டால் அவர் எதை எங்கிருந்து எடுத்தார் என்பது விளங்கும். 'பெஸ்கட்டான்ஸ்' இசைத்தட்டு டாம் பேக்கரின் குரலுக்காக ஒருமுறை கேட்கத் தகும். அதற்கு மேல் வற்புறுத்த மாட்டேன்.